உடைகிற கட்டத்தில் யார் முதலில் கால் வைப்பது?

போன சனிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்கும் ஆறரைக்கும் நடுவில் நான் பதினோரு முறை செத்துப்போனேன்.

பதற வேண்டாம். வாராவாரம் என் பயங்களைப் படித்துப் பழகியவர்கள் நீங்கள். இந்த முறை பயந்ததோடு நிறுத்தாமல் விளையாடியும் பார்த்துவிட்டேன், அவ்வளவுதான்.

விஷயம் இதுதான். என் மகள் மது ஐந்தாம் வகுப்பு படிக்கிறாள். அவள் வகுப்பு அம்மாக்களுக்கென்று ஒரு வாட்ஸ்அப் குரூப் இருக்கிறது. அதில் ஒரு வாய்ஸ் மெசேஜ் சுற்றியது. பிள்ளைகள் போனில் ஏதோ ஒரு கேம் ஆடுகிறார்களாம். நாம் சின்ன வயதில் ஆடியதெல்லாம் அதில் இருக்கிறதாம் — ஸ்டாச்சூ, கயிறு இழுக்கிறது, மியூசிக்கல் சேர், கட்டம் கட்டமாக நொண்டியடிக்கிற பாண்டி. ஒரே ஒரு வித்தியாசம். அவுட் ஆனால் ஓரமாகப் போய் உட்கார முடியாது. செத்துப்போக வேண்டும்.

பேசிய அம்மாவின் குரல் நடுங்கியது. கேட்ட நான் நேராக மதுவிடம் போனேன்.

"மது, இந்த கேம் நீ விளையாடுறியா?"

"ம்."

"எப்பலேருந்து?"

"பெரிய லீவுலேருந்தே. அப்பாதான் இன்ஸ்டால் பண்ணிக் குடுத்தாரு."

அப்பாவைப் பார்த்தேன். சோபாவில் கால் நீட்டிப் போனில் கேரம் ஆடிக்கொண்டிருந்த என் கணவர், தலை நிமிராமலே தீர்ப்பு சொன்னார்.

"பிடிக்கலைன்னா டெலீட் பண்ணிடு. இதுக்குப் போய் எதுக்கு டென்ஷன் ஆகுற?"

டெலீட் பண்ணலாமா, வேண்டாமா? பண்ணினால், வகுப்பே பேசுகிற விஷயத்தில் என் பிள்ளை மட்டும் வாயைப் பார்த்துக்கொண்டு நிற்கும். பண்ணாவிட்டால், எல்லாம் தெரிந்தும் சும்மா இருந்த அம்மா என்ற பெயர் எனக்கு. எனக்கு இரண்டு பக்கமும் சரியாகவே தெரியும். என் வியாதியே அதுதான்.

ஆகவே, பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளை மாதிரி ஒரு நோட்டும் பேனாவும் எடுத்துக்கொண்டு மதுவின் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"எனக்குச் சொல்லிக் குடு."

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "நெஜமாவா? நீ கத்துவியே..."

"கத்த மாட்டேன்."

முதலில் ஸ்டாச்சூ. ஒரு நீளமான மைதானம். கடைசியில் ஒரு மதில். மதில்மேல் யானை அளவுக்கு ஒரு பூனை, நமக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருக்கிறது. அது அந்தப் பக்கம் பார்க்கும்போது ஓடலாம். திரும்பினால் நிற்க வேண்டும். அசைந்தால் நம் பொம்மை சாக்பீஸ் தூள் மாதிரி உதிர்ந்து போகிறது. ரத்தம் கித்தம் எதுவும் இல்லை. அது நல்லதா, இன்னும் மோசமா? நோட்டில் ஒரு கேள்விக்குறி போட்டுக்கொண்டேன்.

நான் ஓடினேன். பூனை திரும்பியது. நின்றேன். நின்றேன் என்றுதான் நினைத்தேன்...

"செத்துட்ட," என்றாள் மது. "பூனை திரும்பினதுக்கு அப்புறம் நின்னா லேட்டும்மா. அதோட காதைப் பாரு. திரும்பறதுக்கு முன்னாடி காது லேசா ஆடும். அப்பவே நின்னுடணும். அப்புறம், முதல்ல ஓடற கும்பலோட போகாத. ஒருத்தன் இடிச்சா எல்லாரும் காலி."

அடுத்தது கயிறு இழுப்பது. நான் பட்டனைப் படபடவென்று அழுத்தினேன். தோற்றேன். வேகம் முக்கியமில்லையாம். பக்கத்தில் இருப்பவர் அழுத்தும்போது நாமும் அழுத்த வேண்டுமாம். மியூசிக்கல் சேரில் ஒரு நாற்காலி பக்கத்திலேயே சுற்றிக்கொண்டிருக்கக் கூடாதாம். அங்கேதான் எல்லோரும் மோதுவார்கள், மூலையில் ஒரு நாற்காலி அனாதையாகக் கிடக்கும், அதைப் பார்த்து வைத்துக்கொள்ள வேண்டுமாம்.

எழுத எழுத எனக்கு ஆச்சரியம். பள்ளியில் ஒரு பாராவை ஒப்பிக்கச் சொன்னால் தரையைப் பார்க்கிற பிள்ளை இது. இங்கே ஒரு பூனையின் காதைக்கூட விடாமல் கவனித்து வைத்திருக்கிறது!

நடுவில் குக்கர் விசில் அடித்தது. "டைம் ப்ளீஸ்" என்று போனைக் கீழே வைத்துவிட்டு ஓடினேன். அடுப்பை அணைத்துவிட்டு வந்தால் என் பொம்மை தூளாகக் கிடக்கிறது.

"ஐயோ... நான்தான் டைம் ப்ளீஸ் சொன்னேனே!"

மது விழுந்து விழுந்து சிரித்தாள். "யாருகிட்டம்மா சொன்ன? பூனைகிட்டயா?"

கடைசிச் சுற்றுதான் பாண்டி. அதுதான் என்னைப் படுத்திவிட்டது.

பள்ளத்தின் மேலே வரிசையாகக் கட்டங்கள். ஒவ்வொரு வரிசையிலும் இரண்டு. ஒன்று நம்மைத் தாங்கும். இன்னொன்று உடையும். எது எதென்று யாருக்கும் தெரியாது. எட்டுப் பேர் இந்தக் கரையில் நிற்கிறோம். மேலே கடிகாரம் ஓடுகிறது. ஒருவரும் அசையவில்லை.

நேரம் போகிறதே என்று எனக்குப் பதைபதைப்பு. நான் முதலில் குதித்தேன். கட்டம் உடைந்தது.

மறுபடி ஆடினேன். மறுபடி அதே தயக்கம், அதே எட்டுப் பேர். மறுபடி நானே முதலில் குதித்தேன். மறுபடி தூள்.

"ஏம்மா நீயே முதல்ல போற?"

"யாராவது போகணும் இல்ல?"

"போவாங்க. யாராவது ஒரு லூசு போகும். அது எங்க விழுதுன்னு பாத்து வெச்சுக்கிட்டு நாம அதுக்குப் பக்கத்துக் கட்டத்துல போகணும். முதல் ஆளாப் போகவே கூடாது. அதான் ரூல்."

"அப்ப முதல்ல போறவங்க பாவம் இல்லையா?"

கொஞ்சம் யோசித்தாள். "பாவம்தான். ஆனா அவங்க யாரோதான?"

என் பேனா நின்றுவிட்டது.

பொம்மை சாவதைப் பற்றிய பயம் அப்போதே போய்விட்டது. வேறு ஒன்று வந்து உட்கார்ந்துகொண்டது. அடுத்தவர் விழும் இடத்தைக் குறித்து வைத்துக்கொள் — இதையா என் பிள்ளை பழகிக்கொண்டிருக்கிறது? லீவிலிருந்து, தினமும் ஒரு மணி நேரம்?

கணவரிடம் சொன்னேன். "நாமளும் அதைத்தான செஞ்சோம்?" என்றார். "இந்த ஃபிளாட் வாங்கறதுக்கு முன்னாடி நீ என்ன பண்ணுன? முன்னாடியே குடிவந்த ரெண்டு ஃபேமிலிக்கு மழையில தண்ணி வருதான்னு ஒரு வருஷம் காத்திருந்து பார்க்கல?"

உண்மைதான். பெருங்களத்தூரில் வீடு வாங்குகிற யார்தான் அப்படிப் பார்க்கவில்லை? ஆனாலும்... நான் காத்திருந்தது விசாரிப்பதற்காக, யாராவது மூழ்க வேண்டும் என்று நினைக்கவில்லை. இல்லையா? இல்லை என்றுதான் நினைக்கிறேன்.

ஞாயிறு முழுக்க டெலீட் பட்டன் பக்கம் விரலைக் கொண்டுபோவதும் எடுப்பதுமாகப் போயிற்று.

செவ்வாய்க்கிழமை மழை பிடித்துக்கொண்டது. பள்ளியை மதியமே விட்டுவிட்டார்கள். வேன் வராது என்று குரூப்பில் செய்தி. நான் ஓர் ஆட்டோ பிடித்துப் போய் மதுவைக் கூட்டி வந்தேன். எங்கள் தெருமுனையில் ஆட்டோக்காரர் வண்டியை நிறுத்திவிட்டார்.

"இதுக்கு மேல போவாதுக்கா. சைலன்சர்ல தண்ணி பூந்துகினா அப்பால வண்டி பேஜார் ஆயிடும்."

இறங்கினோம். தெரு முழுக்க டீ நிறத்தில் தண்ணீர், முழங்கால் வரைக்கும். குழாய் போடுகிறோம் என்று ரோட்டின் நடுவைத் தோண்டி, அரைகுறையாக மூடிவிட்டுப் போய் இரண்டு மாதம் ஆகிறது. அதனால் நாங்கள் எல்லோருமே ஓரத்தில் மழைநீர்க் கால்வாயை மூடியிருக்கிற ஸ்லாப்கள் மேல்தான் நடப்போம். அந்த ஸ்லாப்களில் ஒன்று இல்லை. அந்த ஓட்டைக்குள் யாரோ ஒரு முருங்கைக் கிளையை நட்டு வைத்திருந்தார்கள், ஆள் விழாமல் இருக்க. தெருவாசிகள் எல்லோரும் அந்தக் கிளையைப் பார்த்துத்தான் சுற்றிப் போவோம்.

கிளையைக் காணவில்லை. தண்ணீர் கொண்டுபோய்விட்டது.

எங்களுக்கு முன்பே அங்கே ஏழெட்டுப் பேர் நின்றிருந்தார்கள். பேன்ட்டை முழங்காலுக்கு மடித்துவிட்ட ஒருவர், முதுகில் பெரிய பையோடு டெலிவரி பையன் ஒருவன், குடை பிடித்தபடி ஒரு நடுத்தர வயதுப் பெண்மணி, இன்னும் சிலர். எல்லோரும் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அந்த ஓட்டை இங்கதான எங்கயோ இருந்துச்சு?"

"இல்ல சார், அது இன்னும் தள்ளி. மாவு மில்லுக்கு நேரா."

"மாவு மில்லு தாண்டியே வராதுங்க..."

"யாருனா முன்ன போங்கபா. பாத்துகினு பின்னாலயே வரேன்," என்றான் டெலிவரி பையன்.

"வோட்டு கேட்டு வந்தாங்கல்ல, அவங்களக் கூட்டிட்டு வந்து முதல்ல இறக்கிவிடணும்," என்றார் பேன்ட் மடித்தவர். எல்லோரும் சிரித்தோம். ஒருவரும் நகரவில்லை.

மது என் கையைச் சுரண்டினாள். "அம்மா... பாண்டி ரவுண்டு மாதிரியே இருக்குல்ல?"

எனக்குச் சுருக்கென்றது. "சும்மா இரு" என்று அதட்டினேன்.

அப்போது அந்தக் குடைக்காரப் பெண்மணி புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டார். "இப்டியே நின்னுகினு இருந்தா எனக்கு அடுத்த வூட்டு வேலை யாரு பாப்பாங்க?" என்றபடி ஸ்லாப் ஓரமாகத் தண்ணீரில் இறங்கினார். ஓர் அடி. இரண்டு அடி. நாங்கள் அவர் கால்களையே பார்த்தோம். மூன்று. நான்கு. வேகமாகவே போனார். ஒரு கறுப்பு கேட் போட்ட வீட்டை நெருங்கினார்.

"ஆன்ட்டீ! நில்லுங்க! நில்லுங்க! கால் வைக்காதீங்க!"

யார் கத்துவது என்று திரும்பிப் பார்த்தேன். என் பிள்ளை. உடம்பெல்லாம் குரலாக.

அந்தப் பெண்மணி தூக்கிய காலோடு அப்படியே நின்றுவிட்டார். "இன்னா பாப்பா? எங்க கீது பள்ளம்?"

"உங்களுக்கு முன்னாடிதான்! கறுப்பு கேட்டுக்கு நேரா ஸ்லாப் இல்ல. அங்கயே ரோட்டுப் பக்கம் இறங்கிடுங்க. சேறா இருக்கும், ஆழம் இல்ல. கேட்டு முடிஞ்சதும் மறுபடி ஏறிக்கோங்க!"

அவர் காலைப் பின்னால் வைத்தார். குடையை மடக்கினார். ஓர் எட்டு முன்னால் தண்ணீரில் குத்தினார்.

குடை கைப்பிடி வரைக்கும் உள்ளே போயிற்று.

பிறகு அவர் குடையை உருவி எடுத்துக்கொண்டு, "நல்லா இருப்ப கண்ணு" என்று அங்கிருந்தே கையைத் தூக்கிக் காட்டினார். ரோட்டுப் பக்கம் இறங்கி, சேற்றில் நாலடி நடந்து, மறுபடி ஏறிப் போனார். அவர் பின்னால் பேன்ட் மடித்தவர். அவருக்குப் பின்னால் டெலிவரி பையன். போகும்போது, "தேங்ஸ்மா" என்றான், ஒரு பெரிய மனுஷியிடம் சொல்வது போல. நானும் மதுவும் கடைசியாகப் போனோம். கறுப்பு கேட்டுக்கு நேராக வந்தபோது என் பிடி இறுகியிருக்க வேண்டும். "அம்மா, வலிக்குது" என்றாள் மது.

வீட்டுக்கு வந்து தலை துவட்டிவிடும்போது கேட்டேன்.

"அந்த இடம்தான்னு உனக்கு எப்படிடி தெரியும்? அத்தனை பெரியவங்களுக்கே தெரியல."

"டெய்லி வேன்லேருந்து இறங்கி அந்த ஸ்லாப் மேலதான நொண்டி அடிச்சுக்கிட்டு வரேன். பன்னெண்டு ஸ்லாப். பதிமூணாவது இல்ல. கறுப்பு கேட்டு."

"எப்போ? நான்தான் தினமும் கூடவே வரேனே?"

"நீ போன் பாத்துட்டு வருவ."

ஆமாம். அந்த நேரத்தில்தான் அம்மாக்கள் குரூப்பில், பிள்ளைகள் போனில் எவ்வளவு மூழ்கிவிட்டார்கள் என்று காரசாரமாக விவாதம் நடக்கும்.

கேட்டுவிட வேண்டும் என்றிருந்ததையும் கேட்டேன். "முதல்ல போறவங்க எங்க விழறாங்கன்னு பாத்து வெச்சுக்கணும், அதான் ரூல்னு சொன்னியே? அந்த ஆன்ட்டியும் யாரோதான?"

துண்டுக்குள்ளிருந்து தலையை வெளியே நீட்டி, ஒன்றும் தெரியாத ஒருத்தியைப் பார்ப்பது போலப் பார்த்தாள்.

"அது கேம்மா! அதுல செத்தவங்க அடுத்த ரவுண்டுல வந்துடுவாங்க."

அவ்வளவுதான். போய் பிஸ்கட் டப்பாவைத் திறந்துவிட்டாள்.

தண்ணீர் வடிந்ததும் ஸ்லாப் பற்றிப் புகார் சொன்னேன். மாநகராட்சியில் எழுதி வைத்துக்கொண்டார்கள். அதுவரைக்கும் இருக்கட்டும் என்று என் கணவர் ஒரு பழைய டயரைக் கொண்டுபோய் ஓட்டையைச் சுற்றிப் போட்டிருக்கிறார். விளையாட்டை டெலீட் பண்ணவில்லை. நாளுக்கு அரை மணி நேரம் என்று குறைத்திருக்கிறேன். சரியா தப்பா தெரியாது. உங்களில் யாராவது தப்பு என்று எழுதினால், உடனே தப்பு என்று நினைக்கத் தொடங்கிவிடுவேன்.

ஒரு விஷயத்தை எழுதாமல் விட்டுவிடலாமா என்று பார்த்தேன், மனசு கேட்கவில்லை. போனில் நேரம் ஓடுகிறதே என்று முதல் ஆளாகக் குதித்துக் குதித்துச் செத்தவள் நான். நிஜத் தண்ணீரில் எல்லோருக்கும் பின்னால் நின்றவளும் நான்தான். அந்தப் பெண்மணி புடவையைச் செருகிக்கொண்டு இறங்கியபோது என் மனதில் முதலில் வந்தது என்ன தெரியுமா?

அப்பாடா, யாரோ ஒருத்தர் போகிறார்.