லூர்துக்குப் போக எடுத்த பாஸ்போர்ட்

என் அப்பா அனிசெத்தோ மக்பந்தாய் பதினாறு மாதம் ஓர் ஊரின் மேயராக இருந்தார். ஊர் பிலிப்பைன்சில், விசாயத் தீவுகளில் இருக்கிறது. பெயர் தலுப்பன். மற்றக் காலமெல்லாம் கிழக்கு லண்டன் மருத்துவமனை ஒன்றில் நோயாளிகளை வண்டியில் வைத்துத் தள்ளினார். 1998 ஜனவரியில் அதே மருத்துவமனையின் சிறுநீரகப் பிரிவில் இறந்தார். வயது ஐம்பத்தேழு.

நான் லிப்ட் பழுதுபார்க்கும் பொறியியலாளர். பழுது எப்போது தொடங்கியது, அடுத்து என்ன நடந்தது என்று வரிசையாக அறிக்கை எழுதிப் பழகியவள். அப்பாவைப் பற்றியும் அப்படித்தான் எழுத வருகிறது.

1971இல் அவர் தலுப்பன் நகரசபைக்குத் தேர்வானார். அடுத்த வருடம் இராணுவச் சட்டம் வந்தது. பெரிய படகுக்காரர்கள் கரையோரத்தில் வலை இழுப்பதை எதிர்த்துப் பேசிய இரண்டு உறுப்பினர்களைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அப்படிப் பேசியவர்களில் அப்பா மூன்றாவது ஆள். ஹோட்டல் வேலைக்கு அனுமதி எடுத்துக்கொண்டு லண்டனுக்கு வந்துவிட்டார். பிறகு மருத்துவமனை. அங்கே மன்னாரிலிருந்து தாதிப் பயிற்சிக்கு வந்திருந்த இம்மாகுலேற்றைச் சந்தித்தார். 1974இல் கல்யாணம். அடுத்த வருடம் நான்.

அம்மாவிடம் தமிழ் படித்தார். ஈஸ்ட் ஹாம் கத்தோலிக்கக் கோயிலில் நடக்கும் தமிழ்ப் பூசைக்கு எங்களோடு வருவார். பூசை முடிந்ததும் கோயில் வாசலில் நின்று எல்லோருக்கும் கை கொடுப்பார். குழந்தைகளின் பெயர், யாருக்கு எந்த ஷிப்ட், யாருடைய முழங்கால் வலி, எல்லாம் நினைவில் இருக்கும். மேயர் ஆவதற்குப் பத்து வருடத்துக்கு முன்பே அங்கே அவருக்கு மேயர் என்றுதான் பெயர்.

"என்ன மேயர், இண்டைக்கு எத்தினை கை?" என்பார் பூசைக்கு வரும் செபமாலைமுத்து மாமா.

"எண்பது. உங்கட கையோட எண்பத்தொண்டு. வோட்டுத்தான் ஒண்டும் விழேல்லை."

1984இல் எங்கள் கோயில் பங்கிலிருந்து பிரான்சில் இருக்கும் லூர்து மாதாவிடம் போக பஸ் ஒழுங்கு செய்தார்கள். அப்பாவின் பாஸ்போர்ட் காலாவதியாகியிருந்தது. அவருடைய நாட்டுத் தூதரகம் அதைப் புதுப்பிக்க மறுத்தது. அம்மாவுக்கு அவர் இல்லாமல் போக மனமில்லை. அப்பா பிரிட்டிஷ் குடியுரிமைக்கு விண்ணப்பித்தார். ஒரு சட்டத்தரணியின் அறையில் மகாராணிக்கு விசுவாசமாக இருப்பேன் என்று சத்தியம் செய்து, கையெழுத்திட்டு, பஸ்ஸில் ஏறினார். அந்தச் சத்தியத்தால் அவருடைய நாட்டுச் சட்டப்படி அவர் அந்நியராகிவிட்டார். அது எங்கள் யாருக்கும் உறைக்கவில்லை. அவருக்கும்தான்.

1986 பெப்ரவரியில் சர்வாதிகாரி நாட்டை விட்டு ஓடினான். அப்பா டிவிக்கு முன்னால் நின்றபடியே அழுதார். அந்தக் கோடையில் எங்களை லண்டனில் விட்டுவிட்டுத் தலுப்பனுக்குப் போனார். தேர்தலில் நிற்க ஒரு வருடம் ஊரில் வாழ்ந்திருக்க வேண்டும். வாழ்ந்தார். 1988 ஜனவரியில் நாற்பத்துமூன்று வாக்கு வித்தியாசத்தில் மேயரானார்.

அவருடைய ஊரிலும் ஞானஸ்நான உறவு பெரிது. ஆனால் அங்கே ஓர் அரசியல்வாதி நூறு பிள்ளைகளுக்கு ஞானத்தகப்பனாக இருப்பார். கேட்டால் மறுக்கக்கூடாது. பிள்ளையைப் பெற்றவர்கள் அவருக்குக் 'கும்பாரே' ஆகிவிடுவார்கள். வாக்கு வேறு பக்கம் போனாலும் அந்த உறவு போகாது. அப்பாவுக்கு அறுபத்தெட்டு ஞானப்பிள்ளைகள். அவர்களில் பாதிப்பேரின் தகப்பன்மார் எதிர்க்கட்சி. மன்னாரில் அப்படி இல்லை. அங்கே ஞானத்தகப்பன் என்றால் ஒருவர்தான். இரத்த உறவுக்கும் மேல்.

1988 ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை காலை தொலைபேசி அடித்தது. நான் எடுத்தேன். தெமெத்ரியோ என்று ஒருவர். நல்ல ஆங்கிலம். அப்பாவின் கும்பாரே என்றார், தன் மகன் அப்பாவின் ஞானப்பிள்ளை என்றார். நானும் அம்மாவும் தலுப்பனுக்கு வந்து தங்க விசா ஒழுங்கு செய்வதாகவும், அதற்கு அப்பாவின் பிரிட்டிஷ் குடியுரிமைச் சான்றிதழின் நகல் வேண்டும் என்றும் சொன்னார். மேயர் வேலையாக இருக்கிறார், அவரைத் தொந்தரவு செய்ய வேண்டாம் என்றார்.

நான் ரிசீவரைக் கையால் பொத்திக்கொண்டு, சான்றிதழை அனுப்பலாமா என்று அம்மாவிடம் கேட்டேன்.

"ஆரவர்?" என்றாள் அம்மா.

"அப்பான்ர ஞானப்பிள்ளையின்ர தகப்பனாம்."

"அப்ப எங்கட ஆள்தானே. மேசை லாச்சிக்குள்ள கிடக்கு. எடுத்து அனுப்பு."

எனக்குப் பதின்மூன்று வயது. நூல்நிலையத்தில் நகல் எடுத்தேன். உறையில் முகவரி எழுதினேன். பின்பக்கத்தில் என் பெயரும் எங்கள் வீட்டு முகவரியும். அப்படித்தான் பள்ளிக்கூடத்தில் சொல்லித்தந்திருந்தார்கள்.

செப்டம்பரில் எதிர்க்கட்சியினர் அப்பாமேல் வழக்குப் போட்டார்கள். அந்நியர் மேயராக இருக்க முடியாது. நவம்பரில் விசாரணை. அது முடிந்ததும் அப்பா தொலைபேசியில் எடுத்தார்.

"இந்தாய், என்ர பிரிட்டிஷ் பேப்பர் அவையிட்ட இருக்கு," என்றார். செல்ல மகளை அவருடைய ஊரில் 'இந்தாய்' என்றுதான் கூப்பிடுவார்கள்.

தெரியாததுபோல் கேட்டேன். "எங்கயிருந்து எடுத்தவை?"

"எங்கயிருந்தோ எடுத்திருக்கினம். நீ படி. கணக்கு என்னமாதிரி?"

நான் அனுப்பியதைச் சொல்லவில்லை. அன்றைக்கு வாய் வரவில்லை. அதற்குப் பிறகும் வரவில்லை.

அதற்குப் பதிலாக உள்துறை அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதினேன். அப்பாவின் குடியுரிமையை 1984ஆம் ஆண்டுத் தேதியிட்டு ரத்துச் செய்ய முடியுமா என்று கேட்டேன். ஆறு வாரத்தில் பதில் வந்தது. ஒருவர் குடியுரிமையைக் கைவிடலாம், பழைய தேதியில் கைவிட முடியாது, விண்ணப்பத்தை அவரே செய்ய வேண்டும். மிக மரியாதையான கடிதம். அம்மா ஒன்பது கிழமை நவநாள் செய்தாள். வேறு செய்ய எங்களுக்கு எதுவும் இருக்கவில்லை.

1989 மே மாதம் அவரைப் பதவியிலிருந்து நீக்கினார்கள்.

"வாறன்," என்றார் தொலைபேசியில். அவ்வளவுதான்.

அப்போது எனக்கு முதலில் வந்தது சந்தோஷம். அப்பா வீட்டுக்கு வருகிறார். இதையும் எழுத வேண்டும்.

பழைய வேலையே கிடைத்தது. ஞாயிற்றுக்கிழமை கோயில் வாசலில் செபமாலைமுத்து மாமா விடவில்லை.

"என்ன மேயர், உங்கட சனம் உங்களைத் திருப்பி அனுப்பிப்போட்டுதோ?"

"சனம் இல்லை அண்ணை. லூர்து மாதா."

எல்லோரும் சிரித்தார்கள். அம்மா மட்டும் முக்காட்டைச் சரிசெய்துகொண்டு காருக்குள் போய் இருந்தாள்.

1994இல் எங்கள் பகுதிக் கட்சிக்காரர் இருவர் வீட்டுக்கு வந்தார்கள். கவுன்சில் தேர்தலில் நிற்கச் சொல்லி இரண்டு மணித்தியாலம் கெஞ்சினார்கள். தேத்தண்ணி கொடுத்து அனுப்பிவிட்டார். அடுத்த வருடம், இழந்த குடியுரிமையைத் திரும்பப் பெற விண்ணப்பம் நிரப்பினார். அனுமதி வந்தது. நேரில் அங்கே போய்ச் சத்தியம் செய்ய வேண்டும். அதற்குள் இரண்டு சிறுநீரகமும் போய்விட்டன. கிழமைக்கு மூன்று நாள் டயாலிசிஸ். அவ்வளவு தூரம் பறக்க ஏலாது என்றார் டாக்டர். லண்டனில் வைத்துச் சத்தியம் செய்யலாமா என்று நான் எழுதிக் கேட்டேன். முடியாது என்று பதில் வந்தது. நாளெல்லாம் இயந்திரங்களைத் திருத்துகிறவள் நான். அவருக்குப் பக்கத்தில் ஓடிக்கொண்டிருந்த இயந்திரத்தின் எண்களை வாசிப்பதற்கு மேல் என்னால் எதுவும் செய்ய முடியவில்லை.

அடக்கம் முடிந்த மறுகிழமை, அவருடைய வழக்குக் கோப்பைத் திறந்தேன். விசாரணைப் பதிவு ஆங்கிலத்தில் இருந்தது. அதோடு ஒரு குறிப்பு. அவருடைய வழக்கறிஞர் எழுதியது: 'இது வெறும் நகல். பொய் என்று மறுத்துவிடுங்கள். லண்டனிலிருந்து பதில் எடுத்து நிரூபிக்க மூன்று வருடமாவது போகும். அதற்குள் உங்கள் பதவிக்காலம் ஏறத்தாழ முடிந்துவிடும்.'

பதிவில் இருந்தது இது.

எதிர்த்தரப்பு வழக்கறிஞர்: ஆவணத்தை மறுத்தால், அதை அனுப்பியவரைச் சாட்சிக்கு அழைப்போம். உறையில் பெயரும் முகவரியும் இருக்கின்றன. பார்க்கிறீர்களா?

அப்பா: பார்க்கிறேன்.

எதிர்த்தரப்பு வழக்கறிஞர்: மறுக்கிறீர்களா?

அப்பா: இல்லை. ஆவணம் உண்மையானது.

அவருடைய வழக்கறிஞர் ஐந்து நிமிட இடைவேளை கேட்டிருக்கிறார். அப்பா தேவையில்லை என்றிருக்கிறார்.

கோப்பை எடுத்துக்கொண்டு அம்மாவிடம் போனேன். சமையலறையில் அரிசி களைந்துகொண்டிருந்தாள்.

"அம்மா, அப்பாவுக்குத் தெரியுமே? நான் அனுப்பினது?"

அவள் தண்ணீரை ஊற்றி முடித்தாள்.

"ஓம். வந்த அண்டைக்கே சொன்னவர்."

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"சொல்லக்கூடாது எண்டவர். உனக்குத் தெரிஞ்சால் படிக்கமாட்டாய் எண்டவர். நானுந்தானே பிள்ளை அனுப்பு எண்டனான். என்னை ஒரு சொல்லுச் சொல்லேல்லை."

அவருக்குத் தெரியாது என்று நான் ஒன்பது வருடம் ஒளித்தேன். எனக்குத் தெரியக்கூடாது என்று அவரும் ஒளித்தார். ஒரே வீட்டில், ஒரே மேசையில் சாப்பிட்டோம். கடைசி வருடம் கிழமைக்கு மூன்று தரம் நான்கு மணித்தியாலம் அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். கணக்கைப் பற்றியும் லிப்டைப் பற்றியும் பேசினோம்.

அம்மா அடுப்பில் பானையை வைத்தாள். எனக்கு எந்தக் கேள்வியும் மிச்சமில்லை. சொல்ல வேண்டியது ஒன்று மட்டும் இருந்தது. அதைக் கேட்க வேண்டியவர் இல்லை.