ஆளில்லாத அருவி

"மஞ்சள் சட்டை, நீங்க முதல்ல கிளம்புங்க. செல்ஃபி தம்பி, கோச்சுக்காதப்பா." கணினித் திரையைப் பார்த்துச் சொல்லிவிட்டு ரப்பர் அண்ணா மவுஸை நகர்த்துகிறார். மலையுச்சியில் நின்றவர்கள் ஒவ்வொருவராக மறைய, அந்த இடத்தில் பாறை வளர்கிறது. சொல்லிக்கொள்ளாமல் யாரையும் அவர் அழிப்பதில்லை. "பாவம், எவ்வளவு தூரத்துலேர்ந்து வந்திருக்காங்க!" என்பார்.

எங்கள் வார இதழின் உலக அதிசயங்கள் பக்கத்தில் இருபது வருடமாக மனித வாடையே இல்லாததற்கு இவர்தான் காரணம். வேலி, அறிவிப்புப் பலகை, குப்பைத்தொட்டி, ஐஸ்கிரீம் வண்டி எதுவும் தப்பாது. பக்கம் வடிவமைக்கும் நான் அடுத்த நாற்காலியில் உட்கார்ந்து இந்தக் கூத்தையெல்லாம் பார்த்துக்கொண்டிருக்கிறேன். ஒருமுறை பள்ளத்தாக்கு ஓரத்தில் நின்ற கூட்டத்தையே காலி செய்தவர், ஒரு பெரியவரின் நிழலை மட்டும் மறந்துவிட்டார். ஆளில்லாத பாறையில் தொப்பி போட்ட நிழல் தனியாக நின்றபடி இதழ் அச்சாகிவிட்டது. வாசகர் ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. மனுஷர் மட்டும் ஒரு வாரம் ஒழுங்காகச் சாப்பிடவில்லை.

வீட்டில் இவர் சொல்லி வைத்திருந்தது, "கலர் சரிபார்க்குற வேலை." அவர் மனைவியை நான் அண்ணி என்றுதான் கூப்பிடுவேன். அண்ணிக்குக் கூட்டம் என்றாலே மூச்சு முட்டும். கல்யாண வீட்டில்கூட வாசலோடு திரும்பிவிடுவார். அண்ணா கைபட்ட அருவிப் படம் ஒன்றை இதழிலிருந்து வெட்டிப் படுக்கையறைச் சுவரில் ஒட்டியிருக்கிறார். "அங்க ஒருநாள் நாம ரெண்டு பேர் மட்டும் போய் நிக்கணும்" என்று சொல்லாத நாளில்லை. போன மாதம் மகள் டிக்கெட்டே எடுத்துக் கொடுத்துவிட்டாள்.

"மாட்டிக்கிட்டேன்மா. அங்க கால் வைக்க இடம் இருக்காது. என்னைப் பத்தி என்ன நினைப்பா?" அண்ணாவின் முகம் வெளிறிப்போயிருந்தது.

"உண்மையைச் சொல்லித் தொலைங்க!"

"சொன்னா கிளம்பவே மாட்டா. அவளுக்குன்னு இருக்கிறதே அந்த ஒரு ஆசைதான்."

சொல்லாமலேயே கூட்டிக்கொண்டு போனார். எனக்கு வந்த ஆத்திரத்தில் போய்வாருங்கள் என்றுகூடச் சொல்லவில்லை. ஆனாலும் அந்த நாலு நாளும் மனசு கிடந்து அடித்துக்கொண்டது.

திங்கட்கிழமை வந்து உட்கார்ந்தார்.

"வாசல்லயே நின்னுட்டா. பார்க்கிற பக்கமெல்லாம் தலை. 'இவங்கல்லாம் உங்க படத்துல எங்க போனாங்க?'ன்னு கேட்டா. நான்தான் எடுத்துட்டேன்னு சொல்லிட்டேன்."

"ஐயையோ! அப்புறம்?"

"கைப்பையை என்கிட்ட திணிச்சா. கூட்டத்துக்குள்ள தனியா போயிட்டா. அரை மணி நேரம்மா! எனக்கு உயிரே போயிடுச்சு."

அண்ணி வெளியே வந்ததும் எடுத்த படம் என்று கைபேசியை நீட்டினார். நாலாபக்கமும் யார் யாருடையவோ முழங்கை, மழைக்கோட்டு, முதுகு. நடுவில் அண்ணி, சொட்டச் சொட்ட, வாயெல்லாம் பல்லாக.

"அருவி எங்கண்ணா?"

அவர் படத்தைப் பெரிதாக்கிக்கொண்டே போனார். அண்ணியின் மூக்குக்கண்ணாடி திரை முழுக்க நிறைந்ததும் நிறுத்தி, அதில் ஒட்டியிருந்த நீர்த்துளிகளை விரல் நுனியால் தொட்டுக் காட்டினார்.