காவிப் பட்டி

எண்பதுகளின் பிற்பகுதியில், விம்பிள்டனுக்குப் பக்கத்தில் கொடி தைக்கும் சின்னத் தொழிற்கூடம் ஒன்றில் வேலை செய்தேன். ஒருநாள் இலங்கைக் கொடிக்கு ஓர்டர் வந்தது. மேற்பார்வை பார்த்த வெள்ளைக்காரர் அதை என்னிடமே தந்தார். சொந்த நாட்டுக் கொடி, சந்தோஷமாகத் தைப்பேன் என்று நினைத்திருக்கிறார்.

சிங்கம் அச்சடித்த துணி தனியாக வரும். கம்பத்துப் பக்கம் பச்சைப் பட்டி, அதையடுத்துக் காவிப் பட்டி. சிங்கம் சிங்களவருக்கு, பச்சை முஸ்லிம்களுக்கு, காவி தமிழர்களுக்கு. சுதந்திரத்தின்போது ஏறியது சிங்கம் மட்டும்தான். எதிர்ப்பு வந்த பிறகு ஒரு குழுப் போட்டு இந்தப் பட்டிகளைச் சேர்த்தார்கள், சிங்கத்தின் கட்டத்துக்கு வெளியே. வாளோடு அது பார்ப்பதும் எங்கள் பக்கம்தான்.

இந்தக் கதையை எனக்குச் சொன்னவர் மாமனார். கொழும்பில் தலைமை ஆசிரியராக இருந்தவர். பட்டியாவது தந்தார்களே என்று அவருக்கு ஒரு நிறைவு. எண்பத்து மூன்று இனக்கலவரத்தில் காடையர்கள் தெருவுக்குள் வந்தபோது, பள்ளிக்கூடத்தில் ஏற்றுவதற்கு வைத்திருந்த கொடியைக் கொண்டுபோய்க் கேற்றில் கட்டினார். நாங்கள் பின்மதில் ஏறி அடுத்த வீட்டில் ஒளிந்தோம். அவர் வரவில்லை. கொடி கட்டிய வீட்டைத் தொடமாட்டார்கள் என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

ஜன்னல் இடுக்கால் பார்த்தேன். ஒருவன் கொடியை மெதுவாக அவிழ்த்தான். நிலத்தில் படாமல் மடித்து மதிலில் வைத்தான். பிறகுதான் பெற்றோல் ஊற்றினார்கள். மாமா வெளியே வரவேயில்லை.

ஓர்டர் வந்ததைக் கணவரிடம் மறைக்க எனக்கு மனம் வரவில்லை. சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் கையை உதறினார்.

"அந்தக் காவிப் பட்டியையும் நீர்தான் தைக்கிறீரோ?"

"ஓம். இப்ப வேலையை விட ஏலாது. குரோய்டன் குடிவரவுக் கந்தோரிலை இருந்து எங்கடை விசாவுக்கு இன்னும் ஒரு முடிவும் வரேல்லை."

"அப்ப வடிவாத் தையும்," என்று எழுந்து போனார்.

வடிவாகத்தான் தைத்தேன். கோணலாகத் தைத்துப் பழிதீர்க்கலாம் என்று ஒரு கணம் தோன்றியது. கோணினாலும் கோணுவது எங்கள் பட்டிதானே. மேற்பார்வையாளர் முதல் கொடியை வெளிச்சத்தில் பிடித்து, இங்கே தைத்தவற்றிலேயே இதுதான் அழகு என்றார். நான் அடுத்த துணியை எடுத்தேன்.

கணவர் அதைப்பற்றிப் பிறகு கேட்கவேயில்லை. நாங்கள் அவருடைய தகப்பனைப்பற்றிப் பேசுவதும் அதோடு நின்றுபோனது. விசா கிடைத்த வாரமே வேலையை விட்டேன். ஏன் என்று கேட்ட வெள்ளைக்காரரிடம் முதுகுவலி என்றேன். அவர் பாவம், நம்பிவிட்டார்.