அசையாத இரண்டு அலமாரிகள்

ஜவுளிக்கடையில் யாரும் பாதிச் சேலையைக் கட்டிப் பார்த்துவிட்டு, மீதியை நாளைக்கு வந்து கட்டிக்கொள்கிறேன் என்று சொல்வதில்லை. புத்தகக் கடையில் அது தினசரி நடக்கும். கவுண்டருக்குப் பின்னால் நின்று கால் வீங்கிய கடைக்காரர்கள் உங்களில் இருந்தால், அவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. தொண்ணூறுகளில், திருநெல்வேலி ஜங்ஷனில் இருந்த மெட்ராஸ் பதிப்பகம் ஒன்றின் கிளைக்கு நான் மேனேஜர். மேனேஜர் என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். எனக்குக் கீழே இருந்தது விற்பனையாளர் பிச்சையா அண்ணாச்சி ஒருவர்தான். அவரும் பல நாள் நான்தான் அவருக்குக் கீழே இருப்பதுபோலப் பேசுவார்.

கடையில் மூன்று அலமாரி. முதலாவதில் நாவல்கள், இரண்டாவதில் வரலாறு, மூன்றாவதில் ஆய்வு நூல்கள். நாவல்கள் வந்த வேகத்தில் போகும். மற்ற இரண்டு அலமாரிகளும் பாறாங்கல் மாதிரி அசையாமல் நிற்கும். ஒரு ஆடி மாதம் தலைமை அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தது. தீபாவளிக்குள் அந்த இரண்டும் பாதியாவது காலியாக வேண்டும், இல்லாவிட்டால் கிளையை மூடிவிட்டு என்னை மெட்ராஸ் குடோனுக்கு மாற்றிவிடுவார்களாம். என் மனைவி முக்கூடலில் டீச்சர். ஏழு வருஷம் எங்கெங்கோ வேலை பார்த்துவிட்டு, அந்த வருஷம்தான் மாறுதல் வாங்கிச் சொந்த ஊருக்கு வந்திருந்தாள். நான் மெட்ராஸ் போனால் மறுபடி ஆளுக்கொரு ஊர். பிச்சையா அண்ணாச்சிக்கு மாறுதல்கூடக் கிடையாது, நேரே வீடுதான். எனக்கு உண்மையிலேயே பயமாக இருந்தது.

சாகக் கூடாத கதாநாயகி

ராதாபுரம் பக்கத்துப் பெண்கள் பள்ளிக்கூடம் ஒன்றின் தலைமையாசிரியர், நூலகத்துக்குப் புத்தகம் எடுக்க வருவார். அவருக்கு ஒரே ஒரு நிபந்தனை: கதாநாயகி சாகக் கூடாது. பிள்ளைகளின் மனசு கெட்டுப்போகுமாம். இதுதான் சமயம் என்று, "அப்ப வரலாறு எடுங்க சார்" என்று இரண்டாவது அலமாரிப் பக்கம் தள்ளிக்கொண்டு போனேன். "வரலாறுன்னா அதுல இருக்க எல்லாருமே செத்துப்போனவங்கதான வே" என்று அவர் திரும்பி நாவல் பக்கமே வந்துவிட்டார்.

கனமான நாவல் ஒன்றைக் காட்டி, "இதுல எப்படி?" என்றார். நான் அதைப் படித்திருக்கவில்லை. புத்தகக் கடைக்காரன் படிக்கவில்லை என்று சொல்வது, பரோட்டா மாஸ்டர் நான் பரோட்டா சாப்பிடுவதில்லை என்று சொல்வது மாதிரி. "கடைசி வரைக்கும் நல்லா இருப்பா சார்" என்று அடித்துவிட்டேன். அவள் கடைசிக்கு முந்தைய அத்தியாயத்தில் கிணற்றில் விழுந்தாள். அடுத்த மாதம் அவர் குடையோடு உள்ளே நுழைந்தபோது நான் பின்பக்கமாகப் போய்விடலாமா என்று பார்த்தேன். பின்பக்கம் வாசல் கிடையாது. அவர் நேராக வந்து சொன்னார்:

"நீரு சொன்ன பிள்ளை போயிட்டா வே. சரி, இன்னும் நாலு பிரதி குடும். பிள்ளைக வரிசையில நின்னு அழுவுதுக."

இரண்டே முக்கால் அடி

குலசேகரன்பட்டினத்துக்காரர் ஒருவர், துபாயில் பல வருஷம் இருந்தவர், ஊரில் புது வீடு கட்டியிருந்தார். ஒரு நாள் சட்டைப் பையிலிருந்து சணல் கயிறு ஒன்றை எடுத்துக் கவுண்டரில் நீட்டி வைத்தார். "ஷோகேஸ்ல இந்த நீளத்துக்கு இடம் கிடக்கு. எல்லாம் ஒரே உயரமா இருக்கணும்." அளந்தேன், இரண்டே முக்கால் அடி. மூன்றாவது அலமாரியில், பழைய துறைமுகங்களைப் பற்றி எட்டுப் பாகத்தில் ஒரு ஆய்வுத் தொகுப்பு இருந்தது. கயிற்றை வைத்துப் பார்த்தால் அளவெடுத்துத் தைத்தது போலப் பொருந்தியது. கடிதம் வந்தபிறகு அந்த அலமாரியில் நடந்த முதல் விற்பனை அதுதான்.

பத்து நாள் கழித்து அவர் மூன்றாம் பாகத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்தார். திருப்பிக் கொடுக்கத்தான் வருகிறார் என்று பில் புத்தகத்தைக் கவுண்டருக்கு அடியில் தள்ளினேன். பக்கத்தைப் பிரித்து விரல் வைத்துக் காட்டினார். ஆடி மாதத்தில் தோணிகள் கொழும்புக்குப் புறப்பட்டன என்று அங்கே இருந்தது. அவருடைய வாப்பா அந்தக் காலத்தில் தோணியில் போய்வந்தவராம். ஆடியில் கடல் இருக்கிற இருப்புக்கு ஒருத்தனும் தோணியை இறக்க மாட்டானாம். ஷோகேஸுக்கு வாங்கிய எட்டும் ராத்திரி படிக்க இப்போது கட்டிலில் கிடக்கிறதாம். ஆசிரியரின் விலாசம் கேட்டு வாங்கிக்கொண்டு அவர் சொன்னார்:

"எழுதுனவரு கரையிலயே நின்னு எழுதிட்டாரு போல. ஒரு தடவ ஊருக்கு வரச் சொல்லும், கடலைக் காட்டுதேன்."

பேராசிரியர் தரும் பரிசு

ஓய்வுபெற்ற பேராசிரியர் ஒருவர் ஒவ்வொரு சனிக்கிழமையும் வருவார். தாமிரபரணிக் கால்வாய்களைப் பற்றி அவர் எழுதிய ஆய்வு நூல் மூன்றாவது அலமாரியில் கடைசித் தட்டில் இருந்தது. நாங்கள் பார்க்காத நேரத்தில் அதை எடுத்து நாவல் அடுக்கின் உச்சியில் வைப்பார். அவர் தெருவைத் தாண்டும்வரை காத்திருந்து அண்ணாச்சி அதைப் பழையபடி கீழே வைப்பார். இது மூன்று வருஷமாக இருவரும் ஒருவரையொருவர் கண்டுகொள்ளாமல் செய்துவந்த காரியம்.

ஆவணி முகூர்த்த நேரத்தில் ஒரு நாள் அவரே தன் புத்தகத்தில் நான்கு பிரதி கேட்டு வாங்கினார். எனக்கு இருந்த நெருக்கடியில் கையெடுத்துக் கும்பிடாத குறை. நாலும் கல்யாணப் பரிசுக்காம். புது மாப்பிள்ளைக்குக் கால்வாய் எதற்கு என்று அண்ணாச்சி கேட்டேவிட்டார். பேராசிரியர் கோபப்படாமல் சொன்னார்:

"எவர்சில்வர் பாத்திரம் குடுத்தா சுத்திச் சுத்தி நம்ம வீட்டுக் கல்யாணத்துக்கே வந்துருது. இது யாருக்கும் கைமாறாது, அந்த வீட்டுலயே கிடக்கும்."

சாமிக்குத் தெரியாத புத்தகங்கள்

இப்படி எட்டும் நாலும் போனால் தீபாவளிக்குள் அலமாரி பாதியாகாது என்பது கணக்குத் தெரியாதவனுக்கும் தெரியும். சரஸ்வதி பூஜை வந்தது. வீட்டுப் பூஜைக்காக நான் முக்கூடல் போக வேண்டியிருந்ததால், கடைப் பூஜையை அண்ணாச்சியிடம் விட்டுவிட்டேன். வழக்கமாக நாலைந்து புத்தகத்தை அடுக்கி, மேலே இருப்பதற்கு மட்டும் சந்தனம் குங்குமம் வைத்து, பொரிகடலை படைப்போம். மறுநாள் விஜயதசமி காலையில் முதல் பஸ்ஸைப் பிடித்து வந்து கடைக்குள் காலை வைத்தேன். வைக்க இடமில்லை. இரண்டாவது அலமாரியும் மூன்றாவது அலமாரியும் துடைத்துவிட்டாற்போலக் காலி. அத்தனை புத்தகமும் வாசலிலிருந்து கவுண்டர்வரை இடுப்பளவு அடுக்கியிருந்தது. ஒன்று தவறாமல் ஒவ்வொரு அட்டையிலும் சந்தனப் பொட்டு, அதன் மேல் குங்குமம். துடைத்துப் பார்த்தேன், கறைதான் அகலமானது.

இனி அவற்றை மெட்ராஸுக்குத் திருப்பி அனுப்பக்கூட முடியாது. வேலை போச்சு, குடும்பமும் ரெண்டு ஊராச்சு என்று அப்படியே நாற்காலியில் உட்கார்ந்தேன். பிறகு எழுந்து, வாய்க்கு வந்தபடி அண்ணாச்சியைத் திட்டினேன். அந்தத் திட்டலை நினைத்தால் இன்றைக்கும் கூச்சமாக இருக்கிறது. முதல்நாள் காலையிலிருந்து குனிந்து நிமிர்ந்து பொட்டு வைத்ததில் அவருக்கு இடுப்புப் பிடித்திருந்தது. நான் முடிக்கும்வரை இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டு, அவர் சொன்னார்:

"நாவலு தினமும் விக்குது, அதைச் சாமிக்குத் தெரியும். இதுகளைத்தான் யாராவது சாமிக்கு எடுத்துச் சொல்லணும். அதான் வே வச்சேன்."

உள்ளே என்ன இருக்கு?

திருப்பி அடுக்குவதற்குள் ஆட்கள் வர ஆரம்பித்துவிட்டார்கள். நாவல் அலமாரிக்குப் போக வேண்டுமென்றால் இந்த அடுக்குகளைச் சுற்றித்தான் போக வேண்டும். சுற்றியவர்கள் குனிந்தார்கள், குனிந்தவர்கள் பிரித்தார்கள். பேட்டையிலிருந்து ஒரு அம்மா எம்.ஏ. சேர்ந்திருந்த மகளோடு வந்தார். நல்ல நாளில் படிப்பைத் தொடங்க, பூஜையில் வைத்த புத்தகமே கிடைத்துவிட்டது என்று மூன்று வாங்கிப் போனார். மறுநாள் தன் தெருவிலிருந்து நாலு பேரை அனுப்பினார். அவர்கள் சொல்லி இன்னும் பலர் வந்தார்கள். மூன்று வருஷமாக அந்தப் புத்தகங்களை இருட்டு மூலையில், முதுகு மட்டும் தெரிய நிறுத்தி வைத்திருந்தவன் நான்தான் என்பது அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது.

அந்த வாரமே பாளையங்கோட்டைக் கல்லூரி ஒன்றின் நூலகர் வந்தார், கன்னியாஸ்திரி. பொட்டு தெரியாதபடி புத்தகத்தைக் கவிழ்த்து அவரிடம் நீட்டினேன். தெரியாமல் நடந்துவிட்டது, மன்னித்துக்கொள்ளுங்கள் சிஸ்டர் என்று இழுத்தேன். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொன்றின் கடைசிப் பக்கங்களையும் நிதானமாகப் பார்த்தார். முப்பது புத்தகத்தைத் தனியாக எடுத்து வைத்துவிட்டுச் சொன்னார்:

"நாங்க எப்படியும் அட்டை போட்டுத்தான் வைப்போம் சார். பொட்டு இருந்தா பரவாயில்ல, எது எந்தப் பக்கத்துல இருக்குன்னு கடைசியில பொருளடைவு இல்லாததை மட்டும் என் தலையில கட்டாதீங்க."

மெட்ராஸ் ஆள்

தீபாவளிக்கு ஒரு வாரம் முன்பு மெட்ராஸிலிருந்து மேலதிகாரி வந்தார். சிரிப்பதற்கு அனுமதி வாங்கி வராத முகம். வரலாறு பாதிக்குக் கீழே இறங்கியிருந்தது. ஆய்வு அலமாரியில் இரண்டு தட்டுதான் மிச்சம். அவர் நம்பவில்லை. புத்தகங்களைக் கட்டி வேறெங்காவது ஒளித்து வைத்திருக்கிறோமா என்று பரணில்கூட ஏறிப் பார்த்தார். பிறகு மிச்சமிருந்ததில் ஒன்றை உருவினார். காய்ந்த சந்தனம் அவருடைய வெள்ளைப் பேண்டில் உதிர்ந்தது.

பொய் சொல்லி ஒரு கதாநாயகியைக் கொன்றது போதும் என்று, இந்த முறை நடந்ததை நடந்தபடி சொன்னேன். அண்ணாச்சி பக்கத்தில் நின்று சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதிகாரி பேண்டைத் தட்டிவிட்டுக்கொண்டார். டைரியை எடுத்து, கிளை தொடரலாம் என்று எழுதி எனக்குக் காட்டினார். எனக்குக் கண் கலங்கிவிட்டது, அதை மறைக்கவும் தோன்றவில்லை. முதலில் மனைவிக்குச் சொல்ல வேண்டும் என்று எஸ்.டி.டி. பூத் பக்கம் திரும்பினேன். அவர் என்னைக் கூப்பிட்டு நிறுத்தி, கையிலிருந்த புத்தகத்தை அண்ணாச்சியிடம் நீட்டிச் சொன்னார்:

"என் பையன் இந்த வருஷம் பிளஸ் டூ எழுதுறான். இத நானே வாங்கிக்கிறேன், பொட்டு உதிராம கட்டிக் கொடுங்க."

நான் படித்துப் பார்த்துச் சிபாரிசு செய்த புத்தகங்களைவிட, அண்ணாச்சி பிரித்துக்கூடப் பார்க்காமல் பொட்டு வைத்த புத்தகங்களே அந்த வருஷம் அதிகம் விற்றன என்பதை, கடைக்கு வந்த எந்த எழுத்தாளரிடமும் நான் கடைசிவரை சொல்லவில்லை.