இருந்துச்சு என்று சொன்னேன்

கண்ணுங்களா, நம்ம வீட்டை இடித்து நம்மை ஊர்க் கடைசிக்கு அனுப்பிய மறுவாரம், நான் மட்டும் அடையாற்றங்கரைக்குப் போனேன். அங்கே ஒருவர் வந்தார். நல்ல உயரம், சட்டைப் பையில் நாலு பென்சில். ஒவ்வொரு அடியையும் வாய்க்குள் எண்ணிக்கொண்டே நடந்தார்.

"இன்னா சார், சர்வேயா?" என்றேன்.

"இல்ல நைனா. நாங்க ரகசியமா மேப் போடற கூட்டம். கண்ணுக்குத் தெரியாம இன்னா இன்னா கீதோ, அத்த வரையறோம்."

"மேப்புதான் போன்லயே வருதே."

"அதுல தெரியறது மட்டும்தான் வரும்," என்று சிரித்தார். "உன் வீடு எங்க?"

"இங்கதான் இருந்துச்சு."

எடுத்த பென்சிலைத் திரும்பப் பையில் வைத்தார். "கீதுன்னு சொன்னாதான் புள்ளி வெப்போம். இருந்துச்சுன்னா வெக்க மாட்டோம். அதான் எங்க சட்டம்."

கீதுன்னு சொல்லியிருந்தால் அந்த மேப்பிலாவது நம்ம வீடு வந்திருக்கும். ஆனாலும் மாற்றிச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அழுகையும் வரவில்லை. அவர் கொஞ்ச நேரம் காத்திருந்தார். பிறகு எண்ணிக்கொண்டே போய்விட்டார். பைத்தியமா, பெரிய மனிதரா என்று இன்னும் எனக்குத் தெரியவில்லை.

அவர் போனதும் நம்ம வாசல்படி இருந்த இடத்தைத் தேடிப் பிடித்தேன். செருப்பை வெளியே கழற்றி விட்டுவிட்டு, உள்ளே போய் உட்கார்ந்தேன்.