மூன்றாம் பாகத்து ஹாஸ்டல்

எட்டாவதோடு படிப்பு நின்றது. பிறகு மில். எந்தக் காலேஜுக்குள்ளும் கால் வைத்ததில்லை.

ஆனால் அந்தக் காலேஜ் படங்கள் பிடிக்கும். வெள்ளைக்காரப் பையன்கள், குடி, கெட்ட பேச்சு, எல்லாம் தமிழ் டப்பிங்கில். முதல் பாகத்தில் வாத்தியார் காரைக் குளத்தில் தள்ளியவன், இரண்டாம் பாகத்தில் அதே ஹாஸ்டலில் கால் நீட்டிப் படுத்திருப்பான். யாரும் அவனை வெளியே அனுப்பவில்லை. அதற்காகவே பார்ப்பேன். மில்லில் பத்து நிமிடம் பிந்தினால் கேட்டிலேயே நிறுத்திவிடுவார்கள்.

மூன்றாம் பாகத்துக்கு ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பஸ் ஏறினேன். அங்கே தெரிந்த முகம் இருக்காது. வார லீவு, காலைக் காட்சி. சட்டைப்பையில் மகளின் ஹாஸ்டல் பாரம். மதுரையில் அவளுக்குக் காலேஜ் சீட் கிடைத்திருந்தது. சாயங்காலத்துக்குள் நான் கையெழுத்துப் போட வேண்டும். மூன்று நாளாகப் போடாமல் சுமந்துகொண்டிருந்தேன்.

படத்தில் பெண்கள் ஹாஸ்டல் ஜன்னலில் பையன்கள் ஏறினார்கள். முந்தின பாகத்திலும் ஏறினார்கள், சிரித்தேன். இப்போது இருப்புக்கொள்ளவில்லை. காலை மடக்கினேன், நீட்டினேன். வீட்டுக்குப் போன் போட்டேன், மனைவி எடுத்தாள்.

"ஏட்டி, நான் கையெழுத்துப் போடல. அவ ஹாஸ்டலுக்குப் போக வேண்டாம்."

மெதுவாகத்தான் பேசினேன் என்று நினைத்தேன். இருபது வருடம் மெஷின் சத்தத்துக்கு மேலே பேசிய தொண்டை. தியேட்டரே திரும்பியது.

பின்வரிசையில் நாலைந்து காலேஜ் பையன்கள்.

"அண்ணாச்சி, எங்க ஹாஸ்டல்ல குளிக்கவே தண்ணி வரல. இதுல காரை எங்க முக்க?"

"பொம்பளப் பிள்ளைகளுக்கு ஆறு மணிக்கே கேட்டைப் பூட்டிருவாக. அனுப்புங்க அண்ணாச்சி."

"எலே, அவரு இதப் பாத்துட்டு பயந்துட்டாருலே!"

சிரிப்பு. போன் அதற்குள் மகள் கைக்குப் போயிருந்தது.

"அப்பா, எங்க இருக்கீக?"

"தியேட்டர்ல."

"அந்தப் படமா?"

"ம்."

"நீங்க அதப் பாப்பீக. நான் படிக்கக் கூடாதா?"

போனை வைத்தேன். இடைவேளையில் அந்தப் பையன்களிடமே பேனா கேட்டேன். ஒருவன் குனிந்து முதுகைக் கொடுத்தான். அதில் பாரத்தை வைத்துக் கையெழுத்துப் போட்டேன். எழுத்து கோணியது.

மீதிப் படம் பார்க்கவில்லை. பஸ்ஸில் இடம் காலியாக இருந்தது. உட்காரவில்லை. கம்பியைப் பிடித்து நின்றபடியே, ராஜபாளையம் வரும்வரை சட்டைப்பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தேன்.