ஒரு நாளைக்கு ஒரு பாட்டு

எங்கள் ராக் குழுவில் மூன்றே பேர். கிடார் வாசித்துக்கொண்டே பாடுகிறவள் மைசூரிலேயே பிறந்து வளர்ந்த கன்னடக்காரி. எங்களோடு பழகித் தமிழ் பேசக் கற்றவள். பேஸ் கிடார் வாசிக்கிறவன் கொள்ளேகால் பக்கத்துத் தமிழ் விவசாயக் குடும்பத்தைச் சேர்ந்தவன். டிரம்ஸ் நான். மைசூர் ஹெப்பாளில் ஒரு தொழிற்சாலையில் எனக்கு வேலை. ஞாயிற்றுக்கிழமைகளில் டிரம்ஸ். ஒன்பது வருஷம் அப்படியே போயிற்று.

மூன்றாவது ஆல்பத்துக்குப் பாட்டுகளெல்லாம் தயாராக இருந்த சமயத்தில் அவள் சொன்னாள்: "இது முடிஞ்சதும் நான் தனியாப் பாடப் போறேன். வெறும் கிடார் மட்டும் வெச்சு."

டிரம்ஸ் வேண்டாம் என்று சொன்னதாகத்தான் என் காதில் விழுந்தது. பேஸ்காரனுக்கும் புனேவுக்கு மாற்றல் வந்திருந்தது. ஆக இதுவே கடைசி ஆல்பம் என்று முடிவாயிற்று. நான் சரி என்றேன். சில மாதங்களாக என் வலது கை விரல்கள் மரத்துப்போகின்றன, மணிக்கட்டில் ஆபரேஷன் செய்யவேண்டும் என்று டாக்டர் தேதி கொடுத்திருக்கிறார் என்பதை மட்டும் சொல்லவில்லை. போகிறவளிடம் எதற்குச் சொல்லவேண்டும் என்ற வீம்பு.

சரஸ்வதிபுரத்தில் ஒரு வீட்டு மாடியில் இருந்தது ஸ்டுடியோ. ஆறு பாட்டு, ஒரு வாரம் லீவு. முதலில் டிரம்ஸை மட்டும் தனியாக இருபது முப்பது தடவை அடித்து, அதில் நல்லதை எடுத்துக்கொள்வது எங்கள் வழக்கம். முதல் நாள் மூன்றாவது தடவையிலேயே குச்சி கையிலிருந்து நழுவி விழுந்தது. எடுத்து அடித்தேன். மறுபடியும் விழுந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்தவள் கதவைத் திறந்துகொண்டு வந்தாள்.

"கையைக் காட்டு."

சொல்லவேண்டியதாயிற்று.

"ஏன் கணே சொல்லலை? எவ்ளோ நாளா?" பதறினால் அவளுக்கு 'அடியே' என்பது கன்னடத்துக் 'கணே' ஆகிவிடும்.

"விட்டுட்டுப் போறவளுக்கு எதுக்கு அது?"

அவள் முகம் சிவந்தது. கத்துவாள் என்று நினைத்தேன். என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள்.

"உன்னை விட்டுட்டுப் போகலை. இத்தனை வருஷமா கத்திக் கத்தியே பாடினேன். தொண்டை தாங்கலை. இனிமே சின்னக் குரல்ல பாடணும், அஷ்டே, அவ்ளோதான்."

அவள் தொண்டையைப் பற்றி நானும் ஒருநாள்கூடக் கேட்டதில்லை.

டாக்டருக்கு ஃபோன் செய்தோம். அடிக்காமல் இருப்பதே நல்லது என்றார். கெஞ்சியபின், நாளுக்குப் பத்து நிமிஷம், அதற்கு மேல் கூடவே கூடாது என்றார்.

"அப்படீன்னா ஒரு நாளைக்கு ஒரு பாட்டு" என்றான் பேஸ்காரன். "மூணு பேரும் ஒரே ரூம்ல நின்னு, ஒரே தடவை."

ரெக்கார்டிங் செய்கிறவர் பதறினார். "எல்லா மைக்லயும் எல்லார் சத்தமும் விழும். தப்பு வந்தா திருத்தவே முடியாது."

"தப்பும் நம்முளுதுதானுங்களே. இருந்துட்டுப் போவட்டும்" என்றான் பேஸ்காரன்.

அன்று பதிவு எதுவும் செய்யவில்லை. மறுநாளிலிருந்து காலை முழுக்க வாயாலேயே ஒத்திகை. நான் இடது கையால் தொடையில் தட்டுவேன், அவள் முணுமுணுப்பாள். டிரம்ஸ் சத்தத்தில் இத்தனை வருஷம் அவள் பாடிய வரிகளை நான் சரியாகக் கேட்டதே இல்லை என்று அப்போதுதான் தெரிந்தது. நாலு மணிக்கு வெந்நீரில் கையை வைத்துத் துடைத்துக்கொண்டு உட்காருவேன். ஒரே தடவை. முடிந்ததும் மூவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒருவரையொருவர் பார்ப்போம். ஐந்து நாளில் ஐந்து பாட்டு. ஒரு சண்டை இல்லை.

ஆறாவது பாட்டின் நடுவில் விரல்கள் சுத்தமாக மரத்துவிட்டன. குச்சி உருண்டு போயிற்று. அவள் பார்த்துவிட்டாள். நிறுத்தவில்லை. கிடாரிலிருந்து கையை எடுத்துவிட்டு, குரலைத் தணித்துப் பாடினாள். நான் காலால் பெரிய டிரம்மை மட்டும் மிதித்துக்கொண்டே போனேன். பேஸ்காரன் இரண்டு சுரங்களை மட்டும் வைத்துக்கொண்டு எங்களோடு நடந்தான். அவள் ஆசைப்பட்ட சின்னக் குரல் அதுதான். அதன் கீழே நானும் இருந்தேன்.

முடிந்ததும் ரெக்கார்டிங் செய்கிறவர் ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்தார். பிறகு, "இதுல கை வைக்க மாட்டேன்" என்றார்.

ஆல்பத்தைக் கேட்டவர்கள் அதிகமில்லை. கேட்டவர்கள் அந்தக் கடைசிப் பாட்டைத்தான் சொன்னார்கள். குழு கலைந்தது. ஆபரேஷனன்று ஆஸ்பத்திரிப் படிவங்களையெல்லாம் அவளே நிரப்பினாள். நான்கு மாதத்தில் விரல்களுக்கு உணர்ச்சி திரும்பியது. அவள் இப்போது தனியாகப் பாடுகிறாள், கூட்டம் வருகிறது. பேஸ்காரன் புனேவிலிருந்து வாராவாரம் கூப்பிட்டு, அங்கே தோசை சரியில்லை என்கிறான்.

போன மாதம் எங்கள் தொழிற்சாலையில் பேக்கிங் பிரிவில் இருக்கும் இரண்டு பெண்கள் வந்து, "அக்கா, எங்களோட வாசிக்கிறீங்களா?" என்று கேட்டார்கள். ஒருத்திக்குக் கிடாரில் மூன்று கார்டுதான் பிடிக்கத் தெரியும். இன்னொருத்தி தாளத்தை விட்டுவிட்டு ஓடுகிறாள். போன ஞாயிற்றுக்கிழமை ஒரே பாட்டைப் பதினோரு தடவை வாசித்தோம். ஒன்றும் உருப்படவில்லை. வரும் ஞாயிறு சீக்கிரமே வரச் சொல்லியிருக்கிறேன்.